பட்டர் இளகும் வரைக்கும்

ஜைனுதீனை ஆஸ்பத்திரியிலிருந்து விரட்டிவிட்டது வேறு யாருமில்லை, அவருடைய மனைவி கைறுன்னிஸாதான்.

மகள் ஜெஸ்லாவுக்கு விடியற்காலை ஸுபஹ் தொழுகை முடிந்த கையோடு வலி எடுத்தது. டொக்டர் சொன்ன நாளுக்கு இன்னும் சில வாரங்கள் இருந்தன. பக்கத்து வீட்டு ஆட்டோக்காரரை எழுப்பி, அலுவிகாரையிலிருந்து மாத்தளை டவுனுக்கு மூன்று பேரும் மழைக்குள் வந்து சேர்ந்தார்கள். பிரசவ வார்டு வாசலுக்கு அப்பால் ஆண்களை விடுவதில்லை. ஜெஸ்லா உள்ளே போனாள். கைறுன்னிஸா துணைக்கு உள்ளேயும் வெளியேயுமாக இருந்தாள். ஜைனுதீன் வாசலில் நடந்தார். சுவரோடு போட்டிருந்த வாங்கில் உட்கார்ந்தார், எழும்பினார், மறுபடியும் நடந்தார். வெள்ளை உடுப்போடு யார் கடந்து போனாலும் பின்னாலேயே போய்ச் சிங்களத்தில் விசாரித்தார். வாசல் காவல்காரர் முதலில் மரியாதையாகப் பதில் சொன்னார், பிறகு முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

கைறுன்னிஸா வெளியே வந்து அவரை ஓரமாகக் கூட்டிக்கொண்டு போனாள்.

"நீங்க வீட்டுக்குப் போங்க."

"ஏன்? ஏதாவது சொன்னாங்களா?"

"ஒண்ணும் சொல்லல்ல. ஒங்களப் பாத்தா எனக்கு நெஞ்சு படபடங்குது. நான் அவளப் பாக்கவா, ஒங்களப் பாக்கவா? போங்க, ஏதாவதுண்டா நான் போன்ல கோல் எடுக்கிறேன்."

அவர் போனார். கடையைத் திறக்கலாமா என்று ஒரு யோசனை வந்தது. டவுனில் அவருக்கு மிளகு, கராம்பு, கருவா என்று வாசனைச் சரக்கு வாங்கி விற்கும் சிறிய கடை. திறந்தால் நாலு பேர் வருவார்கள், நாலு பேரும் முகத்தைப் பார்த்தே கேட்பார்கள். வேண்டாமென்று பஸ் ஏறிவிட்டார்.

வீட்டுக் கதவைத் திறந்ததும் பட்டரும் கருவாத்தூளும் கலந்த வாசம் முகத்தில் அடித்தது. சாப்பாட்டு மேசை முழுக்கத் தட்டுகள். அவற்றின் மேல் வெள்ளைத் துணி. துணியைத் தூக்கிப் பார்த்தார். வட்ட வட்டமாக பிஸ்கட். ஜெஸ்லா நேற்று முழுநாளும் நின்று சுட்டவை. வீட்டில் கேக்கும் பிஸ்கட்டும் செய்து கொடுப்பது அவளுடைய தொழில். வயிறு இவ்வளவு தள்ளியிருக்கும்போது எதற்கு ஓடர் எடுக்கிறாய் என்று கைறுன்னிஸா சத்தம் போட்டும் அவள் கேட்கவில்லை. சும்மா இருந்தால் எதையெதையோ நினைக்க வருகிறது உம்மா என்று மட்டும் சொன்னாள்.

எதை நினைக்க வருகிறது என்று அந்த வீட்டில் எல்லாருக்கும் தெரியும். இது அவளுக்கு இரண்டாவது. மூத்தது ஏழாம் மாதத்தில் மூச்சில்லாமல் பிறந்தது. ஆண் பிள்ளை. அதற்கு முன்பே ஊருக்கெல்லாம் சொல்லி, பெயர்கூடத் தேடி வைத்திருந்தார்கள். பிறகு எத்தனையோ மாதம் விஷயம் அறியாதவர்கள் தெருவில் மறித்து, "பேரப்புள்ள எப்படி?" என்று கேட்டார்கள். ஒவ்வொருவருக்கும் ஜைனுதீன்தான் பதில் சொன்னார். அதனால் இந்தத் தடவை அவர் யாரிடமும் வாய் திறப்பதில்லை. கண்டவர்கள் கண்டுகொள்ளட்டும் என்று விட்டுவிட்டார்.

தேத்தண்ணி ஊற்றப் போனார். தண்ணீர் கொதித்தது. அடுப்பை அணைத்துவிட்டு, ஊற்ற மறந்து, வாசலுக்கு வந்து மழையைப் பார்த்தார். கைறுன்னிஸாவுக்குக் கோல் எடுத்தார். "இன்னம் இல்ல" என்றாள். பிரதான வீதியில் தம்புள்ளை பஸ் ஒன்று ஹோர்ன் அடித்துக்கொண்டு போன சத்தத்துக்கே திடுக்கிட்டார்.

அப்போது உள்ளே ஜெஸ்லாவின் போன் அடித்தது. அவசரத்தில் அவள் அதை அடுப்படியிலேயே விட்டுப் போயிருந்தாள்.

"ஹலோ, ஜெஸ்லா? நான் விதுஷா டீச்சர் பேசுறேன்."

"நான் அவட வாப்பா."

"ஆ, அங்கிள். ஜெஸ்லா இல்லீங்களா? நேர்சரி முடிஞ்ச உடனே பிஸ்கட் எடுக்க வரலாமான்னு கேக்கத்தான் எடுத்தேன். நாளைக்குக் காலையிலயே புள்ளைங்களுக்குப் பரிசளிப்பு."

ஆஸ்பத்திரி என்று ஒரு சொல் சொன்னால் போதும், கதை முடிந்தது. அந்தச் சொல் வெளியே வரவில்லை. சொன்னால் டீச்சர் இன்னொருவரிடம் சொல்வாள், அவர் வேறொருவரிடம் சொல்வார், மத்தியான லுஹர் பாங்கு சொல்வதற்குள் ஊருக்கே தெரிந்துவிடும். பிறகு...

"வாங்க மகள். ரெடியா இருக்கும்" என்றார்.

"ஐசிங்ல பேரோட முதல் எழுத்து எழுதுறதா சொன்னாங்க. எழுதியாச்சுங்களா?"

"எழுதிக்கிட்டு இருக்கா. அந்தப் பேர்கள என்ட நம்பருக்கும் ஒருக்கா அனுப்புங்களேன். அவட போன்ல ஏதோ கோளாறு."

கோளாறான போனில்தான் பேசிக்கொண்டிருக்கிறோம் என்பது வைத்த பிறகுதான் உறைத்தது.

இப்போது என்ன செய்வது? பிரிட்ஜைத் திறந்தார். பட்டர் இரண்டு கட்டி இருந்தது. அலமாரித் தட்டில் ஐசிங் சீனிப் பைக்கற்றுகள். ஜெஸ்லா பட்டரையும் சீனியையும் போட்டு அடிப்பதை எத்தனை நாள் பார்த்திருக்கிறார்! பார்த்தது பட்டரையும் சீனியையும் மட்டும்தான், மற்றதொன்றும் நினைவில் இல்லை. கட்டியைத் தொட்டுப் பார்த்தால் கல் மாதிரி. இதை எப்படி அடிப்பது என்று சட்டியில் போட்டு அடுப்பில் வைத்தார். நொடியில் உருகி மஞ்சள் எண்ணெயாகியது. அதில் சீனியைக் கொட்டிக் கிண்டினார். அடியில் சீனி, மேலே எண்ணெய், நடுவில் கரண்டி.

அந்த நேரம் அவருடைய போன் அடித்தது. கட்டாரிலிருந்து மருமகன் றம்ஸீன், வீடியோ கோலில்.

அவர்கள் இருவரும் ஒருநாளும் அதிகம் கதைத்தவர்கள் இல்லை. ஸலாம் சொல்வார்கள், சுகமா என்பார்கள், அங்கே வெயிலா இங்கே மழையா என்று கேட்டுக்கொள்வார்கள், அதற்குள் ஜைனுதீன் போனை மகளிடம் கொடுத்துவிடுவார். இன்று கொடுப்பதற்கு ஆள் இல்லை.

"மாமா, ஏதாவது தெரிஞ்சதா?"

"இன்னம் இல்ல மருமகன். உள்ளதான் இருக்கா."

"மாமி என்ன சொன்னாங்க?"

"இன்னம் இல்லண்டுதான் சொன்னா."

றம்ஸீன் ஒரு ஹோட்டல் சலவைப் பகுதியில் வேலை செய்கிறான். இராவேலை முடிந்து வந்தவன் அறையில் மற்றவர்கள் தூங்குவதால் படிக்கட்டில் உட்கார்ந்திருந்தான். சிவந்த கண்ணும் கலைந்த தலையுமாகத் திரையில் தெரிந்தான். போனை வைக்கவும் முடியாமல், பேசவும் முடியாமல் அவன் படும் பாடு ஜைனுதீனுக்குப் புரிந்தது. அதே பாடுதானே இங்கேயும்.

"அது என்ன மாமா, கையில?"

ஜைனுதீன் கரண்டியைப் பார்த்தார். மறைக்க முடியவில்லை. டீச்சர் கேட்டதையும் தான் சொன்னதையும் சட்டியில் இருப்பதையும் ஒன்றுவிடாமல் சொல்லிவிட்டார்.

றம்ஸீன் சிரிக்கவில்லை. "சட்டியக் காட்டுங்க" என்றான். காட்டினார்.

"இது சரிவராது மாமா. உருகின பட்டர்ல காத்து நிக்காது. அத ஒரு பக்கம் வைங்க. இன்னொரு கட்டி இருக்கா?"

"இருக்கு. ஒங்களுக்கு எப்படி இதெல்லாம் தெரியும்?"

"ராவையில வேல தொடங்குறதுக்கு முந்தி வீடியோ கோல்ல அவளோடதானே இருப்பேன். போனைச் சீனி டின்ல சாய்ச்சி வைச்சிட்டு அவ ஐசிங் அடிப்பா. கதைச்சிக்கிட்டே நான் பாத்துக்கிட்டு இருப்பேன். கையால ஒரு நாளும் செஞ்சதில்ல. ஆனா எல்லாம் பாடம்."

ஜைனுதீன் போனைச் சீனி டின்னில் சாய்த்து வைத்தார். றம்ஸீன் சொன்னபடி இரண்டாவது கட்டியைச் சின்னச் சின்னத் துண்டாக வெட்டி ஒரு பேசினில் பரப்பினார்.

"இப்ப என்ன?"

"இப்ப ஒண்ணும் இல்ல. இளகுற வரைக்கும் வைக்கணும். விரலால அமத்தினா குழி விழணும், ஆனா மினுங்கக் கூடாது."

"எவ்வளவு நேரம்?"

"அது பட்டர்ட விருப்பம் மாமா."

இதைவிடப் பெரிய தண்டனையை ஜைனுதீனுக்கு யாரும் கொடுத்திருக்க முடியாது. உட்கார்ந்தார். எழுந்து பட்டரை அழுத்தினார். குழி விழவில்லை. கைறுன்னிஸாவுக்குக் கோல் எடுக்க ஜெஸ்லாவின் போனைத் தூக்கினார். அது பூட்டியிருந்தது. ஆகவே றம்ஸீனைத் துண்டித்துவிட்டுத் தன்னுடைய போனில் எடுத்தார். மணி அடித்து அடித்து ஓய்ந்தது. மறுபடியும் எடுத்தார். பதில் இல்லை. றம்ஸீனைத் திரும்ப அழைத்தார்.

"மாமி எடுத்தாங்களா?"

"எடுக்கல்ல. உள்ளுக்குள்ள இருப்பா. நீங்க பட்டர்ட கதையச் சொல்லுங்க."

"அமத்திப் பாருங்க."

"கொஞ்சம் விழுது."

"கொஞ்சம் போதாது."

பாத்திரம் கழுவினார். கழுவிய பாத்திரத்தை மறுபடியும் கழுவினார். வெளியே மழை கூடிக்கொண்டு வந்தது. கடைசியில் பட்டரில் விரல் பதமாக இறங்கியது. கடையில் காய்ந்த கொறுக்காய்ப் புளியின் ஈரம் பார்ப்பதுபோல் விரலைத் தேய்த்துப் பார்த்துத் திருப்திப்பட்டார்.

"முதல்ல பட்டர மட்டும் அடிங்க. மஞ்சள் போய் வெள்ளையா வாற வரைக்கும். அதுக்குப் பொறகு சீனி. ஒரு பங்கு பட்டருக்கு ரெண்டு பங்கு. சலிச்சிப் போடுங்க, கட்டி இருந்தா ஐசிங் பைட மூக்குல அடைச்சிக்கும்."

பீட்டரைச் செருகி அடித்தார். பட்டர் நிறம் மாறத் தொடங்கியது. அவசரம் பொறுக்கவில்லை. சலித்த சீனி முழுவதையும் ஒரேயடியாகக் கொட்டிவிட்டு பீட்டரை முழு வேகத்தில் வைத்தார். பேசினுக்குள்ளிருந்து வெள்ளைப் புகை எழும்பியது. தாடி, கண்ணிமை, மூக்குத் துவாரம், சுவரில் தொங்கிய கலண்டர், எல்லாம் சீனி.

"மூணு தடவையாப் போடணும் மாமா! நான் சொல்றதுக்குள்ள..."

"முதல்லயே சொல்லணும் மருமகன்!"

இருவரும் ஒருவரையொருவர் முறைத்தார்கள். அவன் உதட்டைக் கடித்துக்கொண்டதைக் கண்டு ஜைனுதீனுக்கும் சிரிப்பு வந்துவிட்டது. தும்மினார். இன்னும் கொஞ்சம் பறந்தது. அந்தச் சிரிப்பு முடிவதற்குள் கரண்ட் போனது. பீட்டர் முனகி நின்றது.

"மரக் கரண்டியால அடிங்க. கரண்ட் இல்லாட்டி அவ அப்படித்தான் செய்வா."

பேசினை இடுப்போடு அணைத்துக்கொண்டு அடிக்கத் தொடங்கினார். தோள் வலித்தது. வலி நல்லதாக இருந்தது. காலையிலிருந்து கைகால்கள் தேடிக்கொண்டிருந்த வேலை இதுதான்போல. ஒரு மூடி வனிலா, ஒரு கரண்டி பால், மறுபடியும் அடி. கலவை இறுகி, பிறகு மிருதுவாகி, கரண்டியைத் தூக்கினால் கிளிமூக்குப்போல் வளைந்து நின்றது.

"வந்திருச்சு!" என்று றம்ஸீன் கத்தினான். படிக்கட்டில் யாரோ இறங்கிப் போனவர் திரும்பிப் பார்த்திருக்க வேண்டும், உடனே குரலைத் தணித்துக்கொண்டான். "மேல் தட்டுல சிவப்பு டின் இருக்கு. அதுக்குள்ள ஐசிங் பையும் மூக்கும். சின்ன ஓட்டை உள்ளத எடுங்க."

சிவப்பு டின் அங்கேதான் இருந்தது. கலியாணத்துக்குப் பிறகு இந்த வீட்டில் நாலு மாதம்கூடத் தங்காதவன், எது எங்கே இருக்கிறதென்று எப்படி அறிந்து வைத்திருக்கிறான் என்று ஜைனுதீன் நினைத்துக்கொண்டார்.

டீச்சர் அனுப்பியிருந்த பட்டியலில் முதல் எழுத்து ஷிஃபான் என்ற பிள்ளைக்கு. 'ஷி' எழுதப் போய் ஒரு பாம்பு சுருண்டு படுத்தது. வழித்து எடுத்துவிட்டு மறுபடியும் எழுதினார். மிளகுச் சாக்குகளில் தூரிகையால் அடையாளம் எழுதிப் பழகிய கை அது, மெல்ல மெல்ல வசத்துக்கு வந்தது. நிரஞ்சனுக்கு 'நி'. ஸஹ்ராவுக்கு 'ஸ'. றம்ஸீன் ஒவ்வொன்றையும் காட்டச் சொல்லிப் பார்த்தான்.

நாலைந்து எழுதியிருப்பார், கைறுன்னிஸாவின் அழைப்பு வந்தது. றம்ஸீனின் முகம் திரையில் அப்படியே உறைந்து மறைந்தது.

"தியேட்டருக்குக் கொண்டு போய்ட்டாங்க" என்றாள். குரல் தட்டையாக இருந்தது. "புள்ளைட நெஞ்சடிப்பு கொறஞ்சி கொறஞ்சி வருதாம். வயித்த வெட்டித்தான் எடுக்கணுமாம். துஆ செய்ங்க."

"ஜெஸ்லா என்ன சொன்னா?"

"என்ட கையத்தான் புடிச்சா. பொறகு கதவ சாத்திட்டாங்க."

"நான் வாறேன்."

"வந்து என்ன செய்யப் போறீங்க? அதே வாசல்லதான் நிக்கணும். பாக்க விடுற நேரத்துக்கு வாங்க. இப்ப துஆ செய்ங்க."

போன் துண்டிக்கப்பட்டது. உடனே மறுபடியும் ஒளிர்ந்தது. றம்ஸீன்தான். ஜைனுதீன் அதைப் பார்த்துக்கொண்டே நின்றார். ஒன்றுமில்லை என்று சொல்லிவிடலாம். டீச்சரிடம் சொன்னதுபோல. அவன் எத்தனையோ மைல்களுக்கு அப்பால் படிக்கட்டில் உட்கார்ந்துகொண்டு என்ன செய்துவிடப் போகிறான்? ஆனால் அந்த முகத்தைப் பார்த்ததும் பொய் வரவில்லை. கைறுன்னிஸா சொன்னதை அப்படியே சொன்னார்.

றம்ஸீன் கையால் வாயைப் பொத்திக்கொண்டான். பிறகு கீழே பார்த்தான். நெடுநேரம் அவனுடைய உச்சந்தலை மட்டும் தெரிந்தது.

"எழுதுங்க மாமா" என்றான் கடைசியில். "நிப்பாட்டாதீங்க. நீங்க நிப்பாட்டினா எனக்குப் பயமா இருக்கு."

ஜைனுதீன் எழுதினார். எழுத்துகள் கோணிக்கொண்டு போயின. உதடு ஓதிக்கொண்டே இருந்தது.

"மாமா, ஒண்ணு கேக்கவா?"

"கேளுங்க."

"மூத்தவன்ட மொகம் எப்படி இருந்திச்சு?"

ஜைனுதீனின் கை நின்றது.

"யாருக்கிட்டயும் கேக்க ஏலாமப் போச்சு. ஜெஸ்லாக்கிட்டக் கேட்டா அவ ஒடஞ்சிருவா. எனக்கு லீவும் தரல்ல. நீங்கதானே மையவாடிக்குக் கொண்டு போனீங்க. நான் கண்ணால காணவே இல்ல மாமா. நெனைக்கிறதுக்கு ஒரு மொகம் இல்ல எனக்கு."

அன்று அந்தச் சிறிய வெள்ளைப் பொதியை அவர்தான் இரண்டு கையிலும் ஏந்திப் போனார். ஒரு கடதாசிப் பையின் பாரம்கூட இல்லை. அதைப்பற்றி அவர் கைறுன்னிஸாவிடம்கூட வாய் திறந்ததில்லை. கேட்பதற்கு உரிமை உள்ளவன் இவ்வளவு நாளும் கேட்காமல் காத்திருந்தான் என்பதும் அவருக்குத் தோன்றியதில்லை.

"தூங்குற மாதிரித்தான் இருந்திச்சு" என்றார். ஐசிங் பையைக் கீழே வைத்தார். "தல நெறய முடி. நல்ல கறுப்பு. வாய் சின்னது, ஜெஸ்லா சின்னப்புள்ளையில இருந்த மாதிரி. நெத்தி ஒங்கட நெத்தி. அகலம். வெரல் எல்லாம் நீளம் நீளம். வலது காதுட மேல் பக்கம் கொஞ்சம் மடிஞ்சி இருந்திச்சு."

றம்ஸீன் தன்னுடைய வலது காதைத் தொட்டான்.

"ஓ, அதே மாதிரித்தான்" என்றார் ஜைனுதீன். "அதப் பாத்துத்தான் எனக்கு அண்டைக்கு அழுக வந்திச்சு. அது வரைக்கும் வரல்ல. இளம் சூட்டுத் தண்ணியிலதான் குளிப்பாட்டினாங்க. நான் சொன்னேன், தண்ணிய ஆற விடாதீங்கண்டு. வெள்ளத் துணியால நல்லாக் கபனிட்டாங்க. நான்தான் உள்ள எறங்கி வைச்சேன். வேற யார்ட கையிலயும் குடுக்கல்ல."

படிக்கட்டில் அவன் அழுதான். இங்கே இவர் அழுதார். தாடியிலிருந்த சீனி கரைந்து கன்னத்தில் பிசுபிசுத்தது. கண்ணைத் துடைக்கப் போய் ஐசிங்கும் பூசிக்கொண்டது.

வாசலில் யாரோ நிற்பது அப்போதுதான் தெரிந்தது. குடையை மடக்கிய கையோடு விதுஷா டீச்சர். மழையால் நேர்சரியை நேரத்தோடு விட்டுவிட்டார்களாம். திறந்திருந்த கதவுக்குள் தலையை நீட்டியவள் இந்தக் கோலத்தைக் கண்டு அப்படியே நின்றுவிட்டாள்.

"அங்கிள்? என்னாச்சுங்க?"

இனி மறைக்க என்ன இருக்கிறது? "ஜெஸ்லா ஆஸ்பத்திரியில மகள். தியேட்டர்ல" என்றார். சொல்லி முடித்ததும் கதிரையில் உட்கார்ந்தார்.

"ஐயோ, ஃபோன்ல சொல்லியிருக்கலாமே. நான் கடையில டொஃபி வாங்கிக் குடுத்திருப்பேன்."

"சொல்ல வாய் வரல்ல."

அவள் ஏன் என்று கேட்கவில்லை. ஜெஸ்லாவும் அவளும் ஒரே பள்ளிக்கூடத்தில் படித்தவர்கள். பழைய கதை அவளுக்கும் தெரியும். கைப்பையைக் கதிரையில் மாட்டினாள், குழாயில் கை கழுவினாள், இன்னொரு பையில் ஐசிங்கை நிரப்பிக்கொண்டு எதிரே உட்கார்ந்தாள். சீனி டின்னில் சாய்ந்திருந்த போனைப் பார்த்து, "நீங்க ஜெஸ்லாவோட வீட்டுக்காரருங்களா? வணக்கங்க" என்றாள். றம்ஸீன் முகத்தைத் துடைத்துக்கொண்டு தலையசைத்தான்.

இருவரும் எழுதினார்கள், றம்ஸீன் பார்த்துக்கொண்டிருந்தான். பேச்சை டீச்சர்தான் சின்னதாக ஆரம்பித்தாள்.

"அங்கிள், இது 'வி'யா 'லி'யா?"

"'வி'தான்."

"வாலு நீண்டுபோச்சு. அந்தப் புள்ள ஏற்கனவே எழுத்தக் கலந்துதான் எழுதுது."

"அப்ப ஒங்கட 'க' மட்டும் நல்லமா?"

அவளுடைய 'க' கவிழ்ந்து கிடந்தது. அவளே பார்த்துச் சிரித்துவிட்டு அதை வழித்தாள்.

போன் ஒளிர்ந்தபோது ஜைனுதீன் பாய்ந்து எடுத்தார். விரலெல்லாம் பட்டர். தொட்டால் வழுக்கியது, வழுக்கி பிஸ்கட் தட்டுக்குள் விழுந்தது. விதுஷா எடுத்துத் துடைத்து ஸ்பீக்கரில் போட்டாள்.

"கேக்குதா?" கைறுன்னிஸா. பின்னால் ஒரே இரைச்சல். "பொம்புளப் புள்ள. கேக்குதா? பொம்புளப் புள்ள. அழுதா. நான் காதால கேட்டேன், கதவுக்கு வெளிய கேட்டிச்சு."

"ஜெஸ்லா?"

"நல்லா இருக்காண்டு சொல்றாங்க. மயக்கம் இன்னம் தெளியல்ல. புள்ள எட கொறவு, கண்ணாடிப் பெட்டியில வைக்கணுமாம் கொஞ்ச நாளைக்கு. அல்ஹம்துலில்லாஹ். நான் வைக்கிறேன், தாதி கூப்பிடுறாங்க."

ஜைனுதீன் றம்ஸீனுக்கு அழைத்தார். இல்லை, விதுஷாதான் அவருக்காகப் பொத்தானை அழுத்தினாள். "பொம்புளப் புள்ள மருமகன். அழுதாளாம்" என்று மட்டும்தான் அவரால் சொல்ல முடிந்தது. மற்றதை டீச்சர் விளங்கப்படுத்தினாள். திரை ஆடியது. பிறகு படிக்கட்டின் மேற்கூரையும் ஒரு டியூப் லைட்டும் மட்டும் தெரிந்தன. போனை அவன் கீழே வைத்துவிட்டான். நெற்றியைத் தரையில் வைத்து ஸுஜூதில் இருக்கிறான் என்று ஜைனுதீனுக்கு விளங்கியது. அந்த டியூப் லைட்டையே அவரும் பார்த்துக்கொண்டிருந்தார். டீச்சர் திரும்பிப் பார்க்காமல் மிச்ச பிஸ்கட்டை எழுதி முடித்தாள்.

பின்னேரம், பார்க்க விடும் நேரத்துக்கு, சட்டை மாற்றிக்கொண்டு வார்டுக்குள் போனார். ஜெஸ்லா வெளுத்துப்போய்ப் படுத்திருந்தாள். உதடு காய்ந்திருந்தது. பிள்ளையை இன்னும் ஒருதரம்தான் காட்டியிருந்தார்களாம், அதுவும் தூரத்தில்.

"மூக்கில குழாய் போட்டிருக்காங்க வாப்பா. மூச்சு சரியா வாறவரைக்கும்னு சொல்றாங்க. சரியா வரும்தானே?"

"வரும் மகள்."

"ஒங்களுக்கு எப்படித் தெரியும்?"

அவளுடைய கையை எடுத்துத் தன் கைக்குள் வைத்துக்கொண்டார். பிறகு அவளே கேட்டாள்.

"டீச்சர்ட பிஸ்கட்?"

டீச்சர் அனுப்பியிருந்த படத்தைக் காட்டினார். ஜெஸ்லா போனைக் கிட்டத்தில் வைத்துப் பார்த்தாள்.

"இது யார் எழுதின?"

"பாதி நான். பாதி டீச்சர்."

"ஐசிங் கொஞ்சம் தளந்துபோய் இருக்கே. பால் கூடிட்டுது."

"ஒன்ட மாப்பிள்ள சொன்ன அளவுதான் போட்டேன்."

"அவரா? அவர் எப்ப ஐசிங் அடிச்சாரு?" சிரிக்கப் போனவள் வயிற்றைப் பிடித்துக்கொண்டாள். "ஆ... வாப்பா, சிரிக்க வைக்காதீங்க, தையல் நோவுது." சிரிப்பு எந்த இடத்தில் அழுகையானது என்று தெரியவில்லை. ஜைனுதீன் றம்ஸீனுக்கு எடுத்து, போனை அவளுடைய காதோடு வைத்துவிட்டு, கைறுன்னிஸாவையும் கூட்டிக்கொண்டு வெளியே வந்தார்.

பிள்ளை கண்ணாடிப் பெட்டியில் பல நாள் இருந்தது. ஒருநாள் நிறை கூடியது, மறுநாள் குறைந்தது. ஒருநாள் குழாயைக் கழற்றினார்கள், அன்று பின்னேரமே திரும்பப் போட்டார்கள். ஜெஸ்லாவின் பாலைப் பிள்ளைக்குக் கொண்டு போய்வரும் கைறுன்னிஸா கதவால் வரும்போதே முகத்தைப் பார்த்துச் செய்தி அறிந்துகொள்ள ஜைனுதீன் பழகிவிட்டார். கடையைத் திறந்தார், ஆனால் தராசில் கண் நிற்கவில்லை. நேர்சரியில் ஒரு பிள்ளை தன்னுடைய எழுத்தைச் சாப்பிட மாட்டேனென்று வீட்டுக்குக் கொண்டு போனதாக விதுஷா சொல்லி அனுப்பியிருந்தாள். அதைக் கேட்டுச் சிரித்தார். அடுத்த நிமிடமே போனைப் பார்த்தார்.

ஒவ்வொரு நாளும் கடை சாத்தியதும் அவர் றம்ஸீனுக்கு அழைத்தார். அவன் வேலைக்குப் போக ஆயத்தமாகிற நேரம் அது. சொல்வதற்குப் பல நாள் புதிதாக ஒன்றும் இருக்காது. இன்றைக்குக் கண் திறந்து பார்த்தாளாம் என்பார். வலது கையை விட இடது கையைத்தான் கூட ஆட்டுகிறாளாம் என்பார். சொல்லி முடித்த பிறகும் இருவரும் போனை வைக்க மாட்டார்கள். அந்தப் பக்கம் அவனுடைய அறைக்காரர்களின் இரைச்சல், இந்தப் பக்கம் பஸ் ஸ்டாண்டின் இரைச்சல். "இன்னொருக்கா சொல்லுங்க மாமா, கண்ணத் தொறந்து எந்தப் பக்கம் பாத்தா?" என்று கேட்பான் அவன். கைறுன்னிஸாவிடம் நன்றாக விசாரித்து வராமல் போனோமே என்று ஜைனுதீன் தன்னையே நொந்துகொண்டு, நாளைக்குக் கேட்டுச் சொல்வதாகச் சொல்லுவார்.